தனக்கான வடிவத்தைத் தேடும் சினிமா: பரிசோதனைப் படங்களுக்கு ஓர் எளிய அறிமுகம்

பரிசோதனைப் படம் ஒன்றை முதன்முதலில் பார்க்கும் ஒருவர், பெரும்பாலும் முதல் பத்து நிமிடங்களுக்குள்ளேயே ஒரு கேள்வியில் வந்து நிற்கிறார்: கதை எப்போது தொடங்கும்? திரையில் ஒரு தெரு நீண்ட நேரம் தெரிகிறது. யாரோ ஒருவருடைய குரல் எதையோ வாசித்துக்கொண்டிருக்கிறது. நாயகன் யார், அவனுக்கு என்ன வேண்டும், அதற்குக் குறுக்கே நிற்பது யார் என்பது எதுவும் சொல்லப்படவில்லை. சிறு வயதிலிருந்து நாம் பார்த்துப் பழகிய படங்களில் ஏறக்குறைய அனைத்தும் இந்தக் கேள்விகளுக்கு விடை சொல்லிவிட்டே மேலே நகர்ந்தவை என்பதால், விடை சொல்லாத படம் நமக்குப் புரியாத படமாகிவிடுகிறது. சிலர் தமக்குப் போதிய அறிவில்லை என்று ஒதுங்கிவிடுகிறார்கள்; சிலர் எடுத்தவருக்குக் கதை சொல்லத் தெரியவில்லை என்று முடிவு கட்டிவிடுகிறார்கள். இரண்டுமே அவசரமான முடிவுகள் என்று நான் கருதுகிறேன். இத்தகைய படம் எந்தத் தேவையிலிருந்து பிறக்கிறது என்பது தெரிந்துவிட்டால், அதைப் பார்க்கும் முறையும் தானாகவே பிடிபட ஆரம்பிக்கும்.

பெரிய தயாரிப்பு நிறுவனத்தின் பணமும் அதனுடன் சேர்ந்து வரும் நிபந்தனைகளும் இல்லாமல் படம் எடுப்பவரைச் சுயாதீனத் திரைப்படக் கலைஞர் என்கிறோம். அவர்களில் பலர் வழக்கமான முறையிலேயே கதை சொல்கிறார்கள்; அதில் குறை ஏதும் இல்லை. இந்தக் கட்டுரை அவர்களுக்குள் இருக்கும் ஒரு சிறு பிரிவினரைப் பற்றியது. தாம் வாழ்ந்த, பார்த்த, இழந்த ஒன்றிலிருந்து படத்தைத் தொடங்கி, ஏற்கெனவே புழக்கத்தில் இருக்கும் கதை அமைப்பு அந்த அனுபவத்துக்குப் போதாமல் போகும்போது, அதற்கென்றே ஒரு புதிய அமைப்பை உருவாக்கிக்கொள்பவர்கள் இவர்கள். இவர்களிடம் சொந்த அனுபவம் என்பதும் பரிசோதனை என்பதும் ஒன்றையொன்று தொடாத இரு விருப்பங்களாக இருப்பதில்லை. முதலாவதன் கட்டாயத்தால்தான் இரண்டாவது நேர்கிறது.

இதை விளக்க ஒரு கற்பனை உதாரணத்தை எடுத்துக்கொள்வோம். நினைவாற்றல் மெல்ல மெல்ல மங்கிவரும் பாட்டியுடன் ஒரே வீட்டில் வளர்ந்த ஒரு பெண், அந்த அனுபவத்தைப் படமாக்க விரும்புகிறாள். பழகிய திரைக்கதை முறை அவளுக்கு ஒரு பாதையைக் காட்டும். முதலில் பாட்டியின் நல்ல நாட்கள், பிறகு முதல் அறிகுறி, மருத்துவரின் அறிவிப்பு, குடும்பத்துக்குள் சண்டை, ஒருநாள் பாட்டி வழி தவறிக் காணாமல் போவது, தேடல், கண்டுபிடிப்பு, இறுதியில் ஒரு கணம் மட்டும் பேத்தியை அடையாளம் கண்டு பெயர் சொல்லி அழைப்பது. நல்ல நடிகர்கள் கிடைத்தால் இது பார்ப்பவரைக் கண்கலங்க வைக்கும் படமாகவும் அமையலாம்.

ஆனால் அந்தப் பெண் உண்மையில் வாழ்ந்தது இதுவல்ல. அவள் வாழ்ந்தது, ஒவ்வொரு மாலையும் பாட்டி கேட்ட ஒரே கேள்வியை. 'உன் அம்மா எப்போது வருவாள்?' என்று கேட்பவருக்கு அது முதல் தடவை. பதில் சொல்பவளுக்கு நூறாவது தடவை. முன்னேற்றம் என்று எதுவும் அங்கே இல்லை. பழகிய திரைக்கதையோ ஒவ்வொரு காட்சியும் கதையை ஓர் அடியாவது முன்னே நகர்த்த வேண்டும் என்று கேட்கிறது. அந்த விதிக்குக் கட்டுப்பட்டால், எந்த அனுபவத்துக்காக அவள் படம் எடுக்க வந்தாளோ அதுவே படத்திலிருந்து வெளியேறிவிடும்.

ஆகவே அவள் வேறொன்று செய்கிறாள். அதே அறை, அதே கோணம், அதே உரையாடல். அதை ஐந்து முறை அடுத்தடுத்து வைக்கிறாள். ஒவ்வொரு முறையும் அறையிலிருந்து ஒரு பொருள் குறைகிறது: முதலில் சுவர்க் கடிகாரம், பிறகு ஒரு நாற்காலி, பிறகு சட்டமிட்ட புகைப்படம். நாள் மாறியதற்கான அடையாளம் எதையும் அவள் காட்டவில்லை. இரண்டாவது முறை வரும்போது பார்வையாளர் ஏதோ தவறு நேர்ந்துவிட்டது என்று எண்ணுகிறார். மூன்றாவது முறையில் வேறுபாட்டைத் தேடத் தொடங்குகிறார். நான்காவது முறை, அந்த மூலையில் முன்பு ஏதாவது இருந்ததா இல்லையா என்று அவருக்கே நிச்சயமில்லாமல் போகிறது. மறதியைப் பற்றி ஒரு வார்த்தையும் பேசாமல், மறதியின் தடுமாற்றத்தைப் பார்வையாளருடைய மனத்துக்குள்ளேயே அவள் நிகழ்த்திவிட்டாள். இந்தப் படத்தில் பரிசோதனை என்று சொல்லத்தக்கது அந்த ஐந்து முறை திரும்ப வருதல்தான். அது விநோதத்துக்காகச் செய்யப்பட்டதன்று என்பதும் இப்போது தெளிவாகியிருக்கும்.

இந்தப் படத்துக்குப் பணம் போடுமாறு ஒரு தயாரிப்பாளரை அணுகினால், ஒரே உரையாடல் ஏன் ஐந்து முறை வருகிறது என்பதுதான் அவருடைய முதல் கேள்வியாக இருக்கும். போட்ட பணம் திரும்பி வரவேண்டும் என்ற கவலையில் எழும் நியாயமான கேள்வி அது. அதற்கு எடுப்பதற்கு முன்பே பதில் சொல்லியாக வேண்டும் என்ற நிலையில் பெரும்பாலான பரிசோதனைகள் தாளிலேயே கைவிடப்படுகின்றன. குறைந்த செலவில் எடுப்பது என்பது சுயாதீனத்தின் ஓர் அம்சம் மட்டுமே. முன்கூட்டி நிரூபிக்க முடியாத ஒரு முடிவை எடுத்துப் பார்க்கும் உரிமைதான் அதன் சாரம் என்று எனக்குத் தோன்றுகிறது. அந்த உரிமையைப் பெறுவதற்கு ஒவ்வொருவரும் ஒரு வழி கண்டிருக்கிறார்கள். கேரளத்தில் மலையாள இயக்குநர் ஜான் ஆபிரகாமும் அவருடைய நண்பர்களும் 'ஒடேசா' என்ற கூட்டமைப்பைத் தொடங்கி, ஊர் ஊராகச் சென்று மக்களிடம் சிறுகச் சிறுகத் திரட்டிய பணத்தில் 1986ஆம் ஆண்டு வெளியான 'அம்ம அறியான்' படத்தை எடுத்தார்கள்.

அவருக்கு நான்கு பத்தாண்டுகளுக்கு முன்பே, தன் வீட்டையே படப்பிடிப்புத் தளமாக்கிக்கொண்டவர் மாயா டெரன். 1943ஆம் ஆண்டு லாஸ் ஏஞ்சலஸ் நகரத்தில், அதாவது ஹாலிவுட்டின் மடியிலேயே, தம் கணவர் அலெக்சாண்டர் ஹாமிடுடன் சேர்ந்து ஒரு 16 எம்எம் காமிராவைக் கொண்டு 'மெஷஸ் ஆஃப் தி ஆஃப்டர்நூன்' என்ற படத்தை அவர் எடுத்தார். நடித்தவர்களும் அவர்கள் இருவரே. ஏறக்குறைய 14 நிமிடங்கள் ஓடும் அந்தப் படம் அமெரிக்கப் பரிசோதனைத் திரைப்படத்தின் தொடக்கப் புள்ளிகளில் ஒன்றாக இன்றும் மதிக்கப்படுகிறது. ஒரு பெண் வீடு திரும்புகிறாள். சாவி கைதவறிப் படிகளில் விழுகிறது. உள்ளே ஒரு ரொட்டியில் கத்தி செருகியிருக்கிறது. தொலைபேசியின் ஒலிவாங்கி கீழே எடுத்து வைக்கப்பட்டிருக்கிறது. அவள் நாற்காலியில் சாய்ந்து உறங்கிப் போகிறாள். அதன் பிறகு அதே வருகை மீண்டும் மீண்டும் நிகழ்கிறது. சாவியும் கத்தியும் இடம் மாறுகின்றன. முகம் இருக்க வேண்டிய இடத்தில் கண்ணாடி பதித்த ஓர் உருவம் முன்னால் நடந்து போகிறது. அவளே இரண்டாக, மூன்றாகப் பெருகி ஒரே மேசையைச் சுற்றி உட்காருகிறாள்.

இந்தப் படத்தில் ஒரு சிறு பகுதியை நெருக்கமாகப் பார்ப்பது பயன் தரும். மேசையிலிருந்து எழும் ஒருத்தி, உறங்கிக்கொண்டிருப்பவளை நோக்கிக் கையில் கத்தியுடன் நடக்கிறாள். அறைக்குள் அது சில அடித் தொலைவு. ஆனால் டெரன் காட்டும் ஒவ்வொரு காலடியும் வெவ்வேறு நிலத்தில் விழுகிறது: கடற்கரை மணல், புல்தரை, நடைபாதை, கடைசியில் வீட்டுக்குள் விரித்திருக்கும் கம்பளம். எந்தத் தந்திரக் காட்சியும் இல்லை; தனித்தனி இடங்களில் எடுத்த ஷாட்டுகளை அடியின் அசைவு அறுபடாத வகையில் ஒட்டியிருக்கிறார், அவ்வளவுதான். ஒரு மனிதர் தன்னையே நெருங்குவதற்கு எத்தனை தூரம் கடக்க வேண்டியிருக்கிறது என்பதை உரையாடலில் எழுதியிருந்தால் அது வெறும் வாசகமாக நின்றிருக்கும். இங்கே அது கண்ணெதிரே நடக்கிறது. அதற்குத் தேவைப்பட்டவை ஒரு காமிராவும் எடிட்டிங் மேசையும் மட்டுமே.

டெரன் தம் முறையைப் பற்றி நிறையச் சிந்தித்தவர். 1953ஆம் ஆண்டு நியூயார்க்கில் கவிதையும் திரைப்படமும் என்ற பொருளில் நடந்த ஒரு கருத்தரங்கில், கதையின் இயக்கத்தை அவர் கிடைமட்டம், செங்குத்து என இரண்டாகப் பிரித்து விளக்கினார். ஒரு நிகழ்வு அடுத்த நிகழ்வுக்கு இட்டுச் செல்வது கிடைமட்ட இயக்கம். அடுத்து என்ன என்று அது கேட்கிறது. ஒரு கணத்திலேயே நின்று, அதற்குள் எத்தனை அடுக்கு உணர்வுகள் இருக்கின்றன என்று தோண்டிப் பார்ப்பது செங்குத்து இயக்கம். கவிதை பெரும்பாலும் இரண்டாவது வழியில் செல்கிறது என்பது அவர் வாதம். தொடக்கநிலைப் பார்வையாளருக்கு இதைவிடப் பயனுள்ள கருவி ஒன்று இருப்பதாக எனக்குத் தெரியவில்லை. ஒரு படம் நகரவில்லை என்று தோன்றும்போது, அது கீழ்நோக்கிப் போய்க்கொண்டிருக்கிறதா என்று பார்க்கலாம். போய்க்கொண்டிருந்தால் அடுத்து என்ன நடக்கும் என்ற எதிர்பார்ப்பைச் சற்று ஒதுக்கிவைத்துவிட்டு, இந்தக் கணத்தில் இன்னும் என்ன இருக்கிறது என்ற கேள்விக்கு மாறிக்கொள்ளலாம். வணிகப் படங்களிலும் செங்குத்தான கணங்கள் உண்டு. ஆனால் அங்கே அவை பாடலிலோ ஒரு நீண்ட மௌனத்திலோ சிறிது நேரம் அனுமதிக்கப்பட்டு, உடனே கதை மீண்டும் தன் ஓட்டத்தை எடுத்துக்கொள்கிறது.

படத்தையும் ஒலியையும் ஒன்றிலிருந்து ஒன்று பிரிப்பது இந்தக் கலைஞர்களுக்குக் கிடைத்த இன்னொரு பெரிய சாத்தியம். பெல்ஜியத்தைச் சேர்ந்த ஷான்டல் அகர்மான் தம் இருபதுகளின் தொடக்கத்தில் நியூயார்க்கில் சிறிது காலம் வாழ்ந்தார். அந்த நாட்களில் பிரஸ்ஸல்ஸிலிருந்து அவருடைய தாய் அவருக்குத் தொடர்ந்து கடிதங்கள் எழுதினார். பின்னர் 1976ஆம் ஆண்டு அதே நகரத்தைப் படம்பிடித்து, அந்தக் கடிதங்களைத் தாமே வாசித்துப் பின்குரலாகச் சேர்த்து 'நியூஸ் ஃப்ரம் ஹோம்' என்ற படத்தை உருவாக்கினார். திரையில் தெருக்களும் சுரங்க ரயில்களும் முன்பின் தெரியாத மனிதர்களுமே தெரிகிறார்கள். தாய் ஒருமுறைகூடத் தோன்றுவதில்லை, மகளும் தோன்றுவதில்லை. கடிதங்களில் பெரிய செய்தி எதுவும் இல்லை. உடல்நிலை, உறவினர் பற்றிய தகவல், ஏன் பதில் எழுதவில்லை என்ற ஆதங்கம், எல்லாம் மறுபடி மறுபடி.

இதில் என் கவனத்தை ஈர்ப்பது ஒலியின் அளவைப் பற்றி அகர்மான் எடுத்த முடிவு. ரயிலோ கார்களோ கடக்கும்போது தெரு இரைச்சல் கடிதத்தை மூழ்கடித்துவிடுகிறது. சில வாக்கியங்கள் நமக்குப் பாதிதான் கேட்கின்றன. ஒலிப்பதிவில் இதைத் திருத்துவது மிக எளிது. குரலை உயர்த்தி இரைச்சலைத் தாழ்த்தினால் போதும். அவர் அப்படிச் செய்யவில்லை. புதிய நகரத்தில் வாழும் ஒரு மகளுக்குத் தாயின் குரல் எப்படிக் கேட்குமோ அப்படியே நமக்கும் கேட்கிறது: அன்பு நிறைந்ததாக, திரும்பத் திரும்ப வருவதாக, வெளியே ஓடும் வாழ்க்கையின் சத்தத்தில் அவ்வப்போது தவறிப்போவதாக. தாய்க்கும் மகளுக்கும் இடையே உள்ள தூரம் கதையில் சொல்லப்படாமல், படத்துக்கும் ஒலிக்கும் இடையே உள்ள தூரமாகவே மாறியிருக்கிறது. படத்தின் இறுதியில் ஒரு படகிலிருந்து எடுக்கப்பட்ட நீண்ட ஷாட்டில் நகரம் மெல்ல மெல்ல விலகிப்போகிறது. அப்போது வாசிப்பதற்குக் கடிதமும் இல்லை.

கருவிகளின் எல்லையும் வடிவத்தைத் தீர்மானிக்கிறது என்பதை இந்தத் துறையில் அடிக்கடி காணலாம். டெரனும் அவருக்குப் பின் வந்த பலரும் பயன்படுத்திய போலெக்ஸ் காமிரா, சாவி முடுக்கினால் ஓடும் வகையைச் சேர்ந்தது. ஒருமுறை முழுதாக முடுக்கினால் ஏறக்குறைய அரை நிமிடம்தான் ஓடும். நூறு அடி ஃபிலிம் சுருள் ஒன்றில், நொடிக்கு 24 சட்டகங்கள் என்ற வேகத்தில், மூன்று நிமிடங்களுக்கும் குறைவாகவே பதிவு செய்ய முடியும். இந்த எல்லைக்குள் வேலை செய்தவர் லிதுவேனியாவிலிருந்து அகதியாக வெளியேறி 1949ஆம் ஆண்டு நியூயார்க் வந்து சேர்ந்த ஜோனாஸ் மேக்காஸ். வந்த சில வாரங்களிலேயே ஒரு போலெக்ஸ் வாங்கினார். முழுநீளப் படம் எடுக்க நேரமும் பணமும் கிடைக்கும் வரை காத்திருந்தபோது, கிடைத்த பத்து விநாடி, ஒரு நிமிடம் என்று அன்றாடத்தைப் பதிவு செய்துகொண்டே போனார். பயிற்சி என்று நினைத்துச் செய்த அந்தத் துணுக்குகளே தமக்குரிய சினிமா என்பது ஆண்டுகள் கழித்துத்தான் அவருக்குப் புலப்பட்டது. இன்று 'நாட்குறிப்புப் படம்' என்று அழைக்கப்படும் வகைக்கு அவர் முக்கியமான முன்னோடி.

1944ஆம் ஆண்டு விட்டுப் பிரிந்த தம் ஊருக்கு மேக்காஸ் 1971ஆம் ஆண்டுதான் திரும்பிப் போக முடிந்தது. அப்போது கொண்டுபோன காமிரா பழுதுள்ளதாக இருந்தது. ஒரே சீரான வேகத்தில் அது ஓடவில்லை, அதனால் ஒளியின் அளவும் ஷாட்டுக்கு ஷாட் மாறியது. வேறொரு படப்பிடிப்பில் அந்தச் சுருள்கள் குப்பைக்குப் போயிருக்கும். மேக்காஸ் அந்தக் குறையை ஏற்றுக்கொண்டு, அதையே படத்தின் நடையாக ஆக்கிக்கொண்டார். 1972ஆம் ஆண்டு வெளிவந்த அந்தப் படத்தில் தாயின் முகமும் வயலும் கிணறும் பளிச்சிட்டு மறைகின்றன. ஒன்றைக் கண் நிறையப் பார்ப்பதற்குள் அடுத்தது வந்துவிடுகிறது. இருபத்தேழு ஆண்டுகளுக்குப் பின் சில நாட்களுக்கு மட்டும் வீடு திரும்பியவர் பார்க்கும் பார்வை வேறு எப்படி இருக்க முடியும்? நிதானமான, அழகாக ஒளியமைத்த ஷாட்டுகள் அந்தப் பதற்றத்தைப் பொய்யாக்கியிருக்கும்.

கைக்கடக்கமான டிஜிட்டல் காமிரா வந்தபோது அதை மிகுந்த உற்சாகத்துடன் எடுத்துக்கொண்டவர் பிரான்சின் அன்யேஸ் வர்தா. 2000ஆம் ஆண்டு, தம் எழுபதுகளில், அறுவடைக்குப் பின் நிலத்தில் விடப்பட்டதைப் பொறுக்குபவர்களைப் பற்றி அவர் ஓர் ஆவணப்படம் எடுத்தார். விற்பனைக்குரிய அளவில் இல்லை என்று கொட்டப்பட்ட உருளைக்கிழங்குகளுக்கிடையே இதய வடிவத்தில் இருந்தவற்றைத் தேடி எடுத்து வீட்டுக்குக் கொண்டுபோகிறார். ஒரு கையில் காமிராவைப் பிடித்துக்கொண்டு, சுருக்கம் விழுந்த தம் மறுகையையே மிக அருகில் படம்பிடிக்கிறார். சமூகத்தால் ஒதுக்கப்பட்டவை பற்றிய படம் அந்த இடத்தில் முதுமையைப் பற்றிய படமாகவும் ஆகிவிடுகிறது. ஒருமுறை காமிராவை நிறுத்த மறந்து நடந்துபோனதால், லென்ஸின் மூடி தொங்கி ஆடுவது மட்டும் பதிவாகிவிட்டது. வர்தா அதை நீக்காமல், இசை சேர்த்து, மூடியின் நடனமாகவே படத்தில் வைத்தார். பிறர் எறிந்ததைப் பொறுக்கி எடுப்பவர்களைப் பற்றிய படத்தில், தாமே எறிந்திருக்க வேண்டிய ஒரு துண்டைப் பொறுக்கி வைத்திருக்கிறார் என்பதைக் கவனித்தால், அது விளையாட்டுக்குச் செய்த காரியமன்று என்பது விளங்கும்.

எல்லை எப்போதும் கருவியால் மட்டுமே வருவதில்லை. ஈரானின் ஜாஃபர் பனாஹிக்கு 2010ஆம் ஆண்டு சிறைத் தண்டனையும், இருபது ஆண்டுகள் படம் எடுக்கக் கூடாது என்ற தடையும் விதிக்கப்பட்டன. மேல்முறையீட்டின் முடிவுக்காக வீட்டில் காத்திருந்த நாட்களில், நண்பர் ஒருவர் காமிராவைப் பிடிக்க, தாம் எடுக்க முடியாமல் போன திரைக்கதையை அவர் வாசித்துக் காட்டுகிறார். கதையில் வரும் பெண்ணின் அறை எவ்வளவு பெரியது என்று காட்டத் தரைக் கம்பளத்தின்மேல் ஒட்டுநாடாவால் கோடு போடுகிறார். சிறிது நேரத்தில் வாசிப்பு நின்றுவிடுகிறது. ஒரு படத்தைச் சொல்லிவிட முடியுமானால் அதை எதற்கு எடுக்க வேண்டும் என்று கேட்டுவிட்டு அவர் எழுந்துபோகிறார். 2011ஆம் ஆண்டு வெளியான அந்தப் படத்தின் பெயரே 'இது திரைப்படம் அல்ல' என்ற பொருள் தருவது. தடையைப் பற்றிய விளக்கம் எதுவும், ஒட்டுநாடாக் கோடுகளுக்கு நடுவே நிற்கும் அந்த மனிதரைப் போல அதை உணர்த்திவிடாது.

இங்கே ஒரு தவறான புரிதலை நீக்கிவிடுவது நல்லது. சொந்த அனுபவத்திலிருந்து எடுப்பது என்றால் தன்னையே திரையில் நிறுத்துவது என்றோ, நடந்ததை நடந்தபடி சொல்வது என்றோ பொருளில்லை. பி.எஸ். வினோத்ராஜின் 'கூழாங்கல்' (2021ஆம் ஆண்டு ராட்டர்டாம் திரைப்பட விழாவில் முதன்மையான டைகர் விருது பெற்ற தமிழ்ப் படம்) தம் சகோதரியின் வாழ்வில் நேர்ந்த ஒன்றிலிருந்து பிறந்தது என்று இயக்குநர் கூறியிருக்கிறார். கணவர் வீட்டிலிருந்து வெளியேற்றப்பட்டு, குழந்தையுடன் வெயிலில் தாய்வீடு வரை நடந்தே வந்தவர் அவர். படத்தில் நடப்பதோ அவரல்லர். குடிகாரக் கணவனும் அவனுடைய சிறு மகனும்தான். பெண்ணை நடக்கவைத்த கொடுமையை ஆணின் கால்களுக்கு மாற்றியதும், படத்தின் பெரும்பகுதியை அந்த நடையாகவே அமைத்ததும் இயக்குநரின் முடிவுகள். உண்மை நிகழ்வு தலைகீழாகிவிட்டது. ஆனால் அந்த நிகழ்வின்மீது அவருக்கு இருந்த கோபம் படத்தின் ஒவ்வொரு அடியிலும் இருக்கிறது. தனிப்பட்டது என்று நான் சொல்வது இதைத்தான்.

இந்தப் போக்கின் எல்லையில் நிற்கும் படம் என்று ஒன்றைச் சொல்லச் சொன்னால், 1993ஆம் ஆண்டு வெளிவந்த டெரெக் ஜார்மனின் 'புளூ'வைச் சொல்வேன். எய்ட்ஸ் நோயின் விளைவாகப் பார்வை மங்கிக்கொண்டிருந்த நிலையில் அந்தப் பிரிட்டிஷ் இயக்குநர் அதை எடுத்தார். 79 நிமிடங்களும் திரையில் ஒரே நீல நிறம் மட்டுமே. உருவமோ அசைவோ இல்லை. மருத்துவமனைக் காத்திருப்பு, கண் சொட்டுமருந்து, இறந்துபோன நண்பர்களின் பெயர்கள், திடீரென்று எழும் சினம் எல்லாம் குரல்களாகவும் இசையாகவும் ஒலிகளாகவும் வந்து சேர்கின்றன. பிரிட்டனில் இந்தப் படம் தொலைக்காட்சியிலும் வானொலியிலும் ஒரே நேரத்தில் ஒலிபரப்பப்பட்டது. பார்வையை இழப்பவரின் கதையை அழகான காட்சிகளால் சொன்னால், அவரால் பார்க்க முடியாத ஒன்றை நாம் பார்த்துக்கொண்டிருப்போம். அந்தச் சலுகையைப் பார்வையாளருக்குத் தர ஜார்மன் மறுத்துவிட்டார். சில நிமிடங்களிலேயே கண் அந்த நீலத்தில் தானாக உருவங்களைக் கற்பிக்கத் தொடங்குகிறது. பார்ப்பவர் ஒவ்வொருவரும் தமக்கென ஒரு படத்தை உருவாக்கிக்கொள்கிறார்கள். அடுத்த ஆண்டின் தொடக்கத்தில் ஜார்மன் இறந்தார்.

எடுக்கப்படும் எல்லாப் பரிசோதனைப் படங்களும் சிறந்தவையாகிவிடுவதில்லை. பிறருடைய பரிசோதனையின் வெளித்தோற்றத்தை மட்டும் எடுத்துக்கொண்ட படங்கள் ஏராளம்: காரணமில்லாமல் நீளும் ஷாட், காரணமில்லாத கறுப்புவெள்ளை, எதையும் சொல்லாத கிசுகிசுப்பான பின்குரல். இவற்றை இனம்காண எளிய வழி ஒன்று உண்டு. அந்தப் புதிய உத்தியை நீக்கிவிட்டு வழக்கமான முறையில் எடுத்திருந்தால் படம் எதை இழந்திருக்கும் என்று கேட்டுப் பார்க்கலாம். மேக்காஸின் படத்தைச் சீரான வேகத்தில் எடுத்திருந்தால் அவருடைய வருகையின் தவிப்பு போயிருக்கும். அகர்மானின் ஒலியைச் சரிசெய்திருந்தால் தூரம் போயிருக்கும். எதுவும் போகாது என்றால், அந்த உத்தி அங்கே அலங்காரமாகவே இருக்கிறது.

சொந்த வாழ்க்கையைப் படமாக்குவதில் இன்னொரு சிக்கலும் உண்டு. இதைப் பேசாமல் விடுவது நேர்மையாகாது. ஒருவருடைய வாழ்க்கை ஒருபோதும் அவருக்கு மட்டும் சொந்தமானதாக இருப்பதில்லை. தாயின் கடிதம் தாயினுடையதும்தான். நோயுற்றிருக்கும் பாட்டியின் முகத்தைக் காட்டலாமா என்று பாட்டியிடம் கேட்க முடியாத நிலை இருக்கலாம். முன்பு சொன்ன கற்பனைப் படத்தில் அந்தப் பெண் பாட்டியை முதுகுப்புறமாகவே காட்ட முடிவு செய்கிறாள் என்று வைத்துக்கொள்வோம். அது அறம் சார்ந்த தயக்கத்திலிருந்து வந்த முடிவு. ஆனால் உடனே அது வடிவம் சார்ந்த முடிவாகவும் ஆகிவிடுகிறது. முகம் தெரியாததால் குரலின் ஒவ்வொரு ஏற்ற இறக்கமும் கூர்மையாகக் கேட்கும். பதில் சொல்லும் பேத்தியின் முகம்தான் திரையில் முழுச் சுமையையும் தாங்க வேண்டியிருக்கும். நல்ல கலைஞர்களிடம் இத்தகைய தயக்கங்கள் படத்தைப் பலவீனப்படுத்துவதில்லை.

இனி, எங்கிருந்து தொடங்குவது என்ற நடைமுறைக் கேள்வி. மேலே பேசிய படங்களை ஆண்டு வரிசைப்படி பார்க்க வேண்டிய அவசியமில்லை. நீளத்தையும் அவை கேட்கும் பொறுமையையும் வைத்து வரிசைப்படுத்திக்கொள்வது நல்லது. டெரனின் 14 நிமிடப் படத்தை ஒரே அமர்வில் இரண்டு முறை பார்க்கலாம். முதல் முறை கதையைத் தேடி, இரண்டாம் முறை சாவியையும் கத்தியையும் மட்டும் பின்தொடர்ந்து. அதையடுத்து, இங்கே விரிவாகப் பேச இடமில்லாமல் போன கிறிஸ் மார்க்கரின் 'லா ஜெட்டே'. 1962ஆம் ஆண்டின் இந்த 28 நிமிடப் படம் ஏறக்குறைய முழுவதும் அசையாப் புகைப்படங்களால் ஆனது. உறங்கும் பெண்ணொருத்தி கண்திறக்கும் ஒரே ஒரு ஷாட்டில் மட்டும் படம் அசைகிறது. கதை தெளிவாகவே சொல்லப்படுவதால் புதியவருக்குத் தடை இருக்காது. வர்தாவின் ஆவணப்படம் நட்பார்ந்த குரலில் கைபிடித்து அழைத்துப்போகும். அகர்மான், மேக்காஸ், பனாஹி ஆகியோரை அதற்குப் பிறகு வைத்துக்கொள்ளலாம். 'புளூ'வைக் கடைசியாக, இருட்டிய அறையில், நல்ல ஒலிபெருக்கியிலோ ஹெட்ஃபோனிலோ, கைபேசியை அணைத்துவிட்டு, நடுவில் நிறுத்தாமல் பார்க்க வேண்டும். சிறிய திரையில் வேறு வேலைக்கிடையே ஓடவிட்டால் அந்தப் படம் உங்களிடம் வந்து சேராது.